உள்பக்கத்து நூல்

பெரியவளுக்குக் கை சும்மா இருந்தால் வாய் சும்மா இருக்காது, அதனால்தான் கையில் ஊசியைக் கொடுத்து வைத்திருக்கிறேன் என்று அவள் புருஷன் பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டு திரிவான். ஊசியை இவன் என்னமோ வாங்கிக் கொடுத்த மாதிரி! கல்யாணத்துக்கு முன்னாலிருந்தே அவள் கையில் குரோஷா ஊசி உண்டு. இப்போது கண்ணாடிக்கடையில் வேலை. வருகிறவர்களுக்கு பிரேம் எடுத்துக் காட்ட வேண்டும், மூக்கில் சரியாக உட்காருகிறதா என்று பார்க்க வேண்டும். ஆள் வராத நேரத்தில் மேசைக்கடியில் ஊசி ஓடும். அவள் பின்னுவது ஒரே சாமான்தான். பிறந்த குழந்தைக்குப் போடும், கணுக்காலில் நாடா வைத்த குட்டிக் காலுறை. உள்ளங்கையில் இரண்டையும் வைத்து மூடிக்கொள்ளலாம், அவ்வளவு சின்னது. தெரிந்தவர், தெரிந்தவருக்குத் தெரிந்தவர் என்று யார் வீட்டில் தொட்டில் கட்டினாலும் ஒரு ஜோடி போய்ச் சேர்ந்துவிடும்.

வேலையில் அவளுக்கென்று ஒரு பழக்கம் இருந்தது. பின்னி முடித்ததும் காலுறைக்குள் சுண்டுவிரலை விட்டுச் சுற்றிச் சுற்றித் தடவுவாள். முடிச்சு உறுத்துகிறதா, நூல்முனை நீட்டிக்கொண்டிருக்கிறதா, விரல் எங்காவது மாட்டுகிறதா என்று பார்ப்பாள். மாட்டினால் தயவுதாட்சண்யம் கிடையாது, பிரித்துவிட்டு மறுபடியும் ஆரம்பிப்பாள். "வெளிப்பக்கம் ஊருக்கு, உள்பக்கம் குழந்தைக்கு" என்பாள். நல்ல பேச்சு. பேச்சு எல்லோருக்கும் நன்றாகத்தான் வரும்.

அந்தப் பழக்கத்தை அவள் மீறியதற்குக் காரணம் தங்கையின் மாமியார்.

தங்கை சின்னவளுக்குப் பொடியன் பிறந்தபோது பெரியவள் வெள்ளை நூலில் ஒரு ஜோடி பின்னி எடுத்துக்கொண்டு போனாள். சம்பந்தியம்மா அதை இரண்டு விரலால் தூக்கிப் பார்த்தார். "என்னம்மா இது, மருந்துக்கடைப் பஞ்சு மாதிரி இருக்கு?" என்று சொல்லிவிட்டுச் சிரித்தார். அவர் சிரிப்பைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். முதலில் தோள் குலுங்கும். பிறகு சத்தம் கிளம்பி மாடிப்படி இறங்கிக் கீழ்வீடு வரைக்கும் போகும். அதோடு விடுவாரா? முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, சொன்னதையே இன்னொரு தரம் சொல்லி இன்னொரு தரம் சிரிப்பார். அன்றைக்கே பெரியவளுக்கு அந்த வீட்டில் "நூல்கண்டு" என்று பெயரும் வைத்துவிட்டார்.

பெரியவள் வீட்டுக்கு வந்து இரண்டு வேளை சரியாகச் சாப்பிடவில்லை. பஞ்சாமே, பஞ்சு! அவர் வாயை அடைக்கிற மாதிரி ஒன்று செய்யாவிட்டால் தான் ஊசி பிடித்ததற்கே அர்த்தமில்லை என்று கிளம்பினாள். மஞ்சள் நூல், அதன்மேல் நீலத்தில் சின்னச் சின்னப் பூக்கள். இரண்டு நிறத்தில் பின்னும்போது ஒரு சங்கடம் உண்டு. ஒரு பூ முடிந்து அடுத்த பூ வரும்வரை நீல நூலை எங்கேயாவது ஒளித்துக் கூட்டிக்கொண்டு போக வேண்டும். மஞ்சள் கண்ணிகளுக்குள்ளேயே வைத்துப் பின்னிக்கொண்டு போவதுதான் ஒழுங்கான வேலை. அப்படிச் செய்தால் நீலம் மஞ்சளுக்கு நடுவே எட்டிப் பார்த்தது, பூ அழுக்குப் படிந்த மாதிரி தெரிந்தது. அதனால் நீல நூலைச் சும்மா உள்பக்கமாக ஓடவிட்டாள். வெளியே பூ பளிச்சென்று வந்தது. உள்ளே பூவுக்குப் பூ நூல் தொங்கியது. சுண்டுவிரலை விட்டபோது மாட்டத்தான் செய்தது.

"உள்ள யார் பாக்கப் போறா?" என்று விரலை வெளியே எடுத்துவிட்டாள்.

கை வேகத்தில் இரண்டு ஜோடி பின்னினாள். ஒன்று பொடியனுக்கு. இன்னொன்றை, அப்போதுதான் பேத்தி பிறந்திருந்த கண்ணாடிக்கடை முதலாளியம்மாவுக்குக் கொடுத்தாள். பொடியனின் ஜோடியைச் சம்பந்தியம்மா முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தார். சிரிக்க ஒன்றும் கிடைக்கவில்லை. "ம், இது பரவால்ல" என்றார். அந்த ஒரு "பரவால்ல"வை வைத்துக்கொண்டு பெரியவள் ஒரு வாரம் மிதந்தாள்.

அதற்கப்புறம் ஒரு காலை, கடை திறந்து கொஞ்ச நேரம்தான் ஆகியிருக்கும், சின்னவள் வீடியோ காலில் வந்தாள். தலை கலைந்து, கண் சிவந்து கிடந்தாள். போனுக்குள் பொடியன் வீரிட்டுக்கொண்டிருந்தான்.

"அக்கா, விடிஞ்சதுலேருந்து அழறான்க்கா. பால் குடிக்க மாட்டேங்கறான். தூக்கினாலும் அழறான், படுக்க வெச்சாலும் அழறான். எனக்கு என்ன பண்றதுன்னே தெரியல."

பின்னாலிருந்து சம்பந்தியம்மாவின் குரல் வந்தது. "பால் பத்தல. நான் சொன்னா யார் கேக்கறா? பச்சப் புள்ள வேற எதுக்கு அழும்?"

வயிற்றுவலியாக இருக்கும், தோளில் போட்டுத் தட்டு என்று சொல்லப் பெரியவள் வாயைத் திறந்தாள். அதற்குள் சின்னவள் போனைக் குழந்தை பக்கம் திருப்பினாள். மெத்தையில் பொடியன் வலது காலை உதைஉதை என்று உதைத்துக்கொண்டிருந்தான். இடது காலை உதைக்கவில்லை. முட்டியை மடக்கி வயிற்றோடு இழுத்து வைத்திருந்தான். இரண்டு காலிலும் மஞ்சள் காலுறை, நீலப் பூ.

"சாக்ஸை எப்ப போட்டே?" என்று பெரியவள் கேட்டாள்.

"நேத்து சாயங்காலம். குளிரா இருந்துச்சு. ஏன்க்கா?"

"அப்புறம் கழட்டவே இல்லியா?"

"இல்ல. அத்தைகூடக் காலைல, கழட்டிட்டுக் கொஞ்சம் காத்தாட விடுன்னாங்க. நான்தான் எங்க அக்கா பின்னினது, இருக்கட்டும்னுட்டேன்."

உள்ளே தொங்கும் அந்த நீல நூல்கள் பெரியவளின் கண்முன் வந்தன. பட்டாணி மாதிரி விரல்கள். ஒரு விரல் அதற்குள் போய், உதைத்து உதைத்துச் சுற்றிக்கொண்டால்? அந்த நூல் லேசில் அறுகிற நூலும் இல்லை. முறுக்கு நூல் வேண்டும், பூ எடுப்பாக நிற்க வேண்டும் என்று கடையில் தேடி வாங்கியவள் அவள்தான்.

கழட்டிப் பாரு. இரண்டே வார்த்தை. சொல்ல எவ்வளவு நேரம் ஆகும்?

"யாரு போன்ல? நூல்கண்டா?" என்றது பின்னாலிருந்து குரல். "என்னவாம்?"

அவ்வளவுதான், சொல்ல வந்ததைப் பெரியவள் விழுங்கிவிட்டாள். வெறும் வாயை மெல்லுகிறவருக்கு அவல் வேறு கொடுக்க வேண்டுமா? தோள் குலுங்குவது இப்போதே மனக்கண்ணில் தெரிந்தது, சத்தம் படியிறங்குவது கேட்டது. 'நம்ம நூல்கண்டு புள்ளைக்குப் பின்னச் சொன்னா புள்ளையையே பின்னி வெச்சிருக்கா!' பொடியனுக்குக் கல்யாணம் நடக்கிற அன்றைக்கும் பந்தியில் உட்கார்ந்து இதைச் சொல்லிச் சிரிப்பாரே.

"நான் வரேன்" என்று சொல்லிப் பெரியவள் போனை வைத்தாள்.

முதலாளியிடம் தங்கச்சி வீட்டில் அவசரம் என்று சொல்லிவிட்டுத் தெருவுக்கு ஓடினாள். டாக்ஸி ஒன்றும் நிற்கவில்லை. வந்த பஸ்ஸில் ஏறினாள். எள் விழ இடமில்லை. யாரோ ஒரு அம்மாள் மடியிலிருந்த பையை நகர்த்திப் பாதி இருக்கை கொடுத்தார்.

உட்கார்ந்ததும் பெரியவள் தன் கட்சிக்குத் தானே வக்கீலாகிவிட்டாள். குழந்தை என்றால் அழத்தான் செய்யும். சின்னவள் பிறந்தபோது மூன்று மாதம் யாரையும் தூங்கவிடவில்லை, அவளுக்கென்ன காலுறையா போட்டிருந்தார்கள்? ஒரு காலை மடக்கி வைத்திருந்தான், சரி, மனிதர்கள் காலை மடக்குவதே இல்லையா? அப்படியே நூல் மாட்டியிருந்தாலும் லேசாகத்தான் இருக்கும். போனதும் கொஞ்சுகிற மாதிரி பொடியனைத் தூக்கிக்கொள்ள வேண்டும். அறைக்குள் போய்க் காலுறையைக் கழற்றிப் பார்த்து, பையில் போட்டுக்கொண்டு, வெள்ளை ஜோடியை மாட்டிவிட வேண்டும். காதும் காதும் வைத்த மாதிரி முடிந்துவிடும். யோசனையைப் பாருங்கள்! குழந்தை அங்கே கத்துகிறது, இவள் மானத்தை இங்கே கழுவிக் காயப்போட்டுக்கொண்டிருக்கிறாள்.

பாலத்துக்கு முன்னால் பஸ் நின்றது. முன்னாலும் பின்னாலும் வண்டிகள். ஓட்டுநர் என்ஜினை அணைத்துவிட்டு ஜன்னலில் கையை வைத்துக்கொண்டார். என்ஜினை அணைத்தால் என்ன அர்த்தம் என்று எல்லோருக்கும் தெரியும். பெரியவளுக்குக் கையை என்ன செய்வதென்று தெரியவில்லை. பழக்கதோஷத்தில் பைக்குள் விட்டாள். மிச்சமிருந்த அந்த நீல நூல்கண்டுதான் கையில் வந்தது.

நூலை இழுத்துத் தன் சுண்டுவிரலில் இரண்டு சுற்றுச் சுற்றினாள். இறுக்கவில்லை, சும்மாதான் சுற்றினாள். பிறகு குழந்தை உதைக்கிற மாதிரி விரலை மடக்கி நீட்டினாள், மடக்கி நீட்டினாள். நூல் தானாகவே மடிப்பில் போய் உட்கார்ந்துகொண்டது. விரல்நுனி சிவந்தது. அப்புறம் கருஞ்சிவப்பானது. உள்ளே விண்விண்ணென்று தெறித்தது. போதும் என்று அவிழ்க்கப் போனாள், அவிழவில்லை. வீங்கின சதைக்குள் நூல் புதைந்து, நகத்துக்கு அகப்படவில்லை. பையிலிருந்த சின்னக் கத்திரியை நூலுக்கடியில் நுழைத்து வெட்ட, தோலிலும் பட்டது.

பெரிய மனுஷி விரல். வாய் இருக்கிறது, கத்திரி இருக்கிறது. அதற்கே இந்தப் பாடு.

அதற்கப்புறம் வக்கீல் வாயைத் திறக்கவில்லை. சின்னவளைக் கூப்பிட்டாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது, அந்த அழுகையில் யார் காதில் விழப்போகிறது? இன்னொரு தரம் கூப்பிட்டாள். எடுக்கவில்லை. சம்பந்தியம்மாவின் எண் அவளிடம் இருந்தது. அவளாக ஒருநாளும் அதை அழுத்தியதில்லை. அழுத்தினாள்.

"யாரு, நூல்கண்டா? இங்க புள்ள அழற அழுகையில நீ வேற..."

"அத்தை, சாக்ஸைக் கழட்டுங்க!" கத்தின கத்தலில் பஸ்ஸே திரும்பிப் பார்த்தது. "இடது கால்! உள்ள நூல் மாட்டியிருக்கும். பிடிச்சு இழுக்காதீங்க, நாடாவ அவுத்து மெதுவாக் கழட்டுங்க. விரலப் பாருங்க. உள்பக்கம் நான் சரியாப் பின்னல. என் தப்பு அத்தை. என் தப்பு. சீக்கிரம்!"

மறுமுனையில் சிரிப்பு வரவில்லை. செருப்பில்லாத கால்கள் ஓடுகிற சத்தம் வந்தது. "என்ன அத்தை?" என்று சின்னவள் கேட்டாள். பொடியனின் அழுகை காதைக் கிழித்தது. "அத அவுத்துடு, அத அவுத்துடு" என்றார் சம்பந்தியம்மா.

"ஐயோ, கடவுளே. கருநீலமா இருக்கே" என்று அவர் சொன்னது கேட்டது. போன் விழுந்தது. லைன் போய்விட்டது.

பெரியவள் திரும்பத் திரும்பக் கூப்பிட்டாள். பதிலே இல்லை. பக்கத்து அம்மாள் அவள் முழங்கையைப் பிடித்துக்கொண்டு, "எந்திரிம்மா. இறங்கி ஓடு. இந்த பஸ்ஸு இப்போதைக்கு நகராது" என்றார். இங்கே ஸ்டாப் இல்லை என்று கண்டக்டர் வாயெடுத்தார். பஸ்ஸில் இருந்த அத்தனை பேரும் கதவைத் திறக்கச் சொல்லிச் சத்தம் போட்டார்கள். கதவு திறந்தது.

பாலத்தின் மேல் ஓடினாள். நின்றுகொண்டிருந்த வண்டிகளுக்குள்ளிருந்து ஜனங்கள் வேடிக்கை பார்த்தார்கள். ஓட ஓட மனசு ஒரே கேள்வியைக் கேட்டுக்கொண்டிருந்தது: காலையிலேயே சொல்லியிருந்தால்? நடுவில் செருப்பு வார் அறுந்தது. அதை அங்கேயே விட்டுவிட்டு ஓடினாள்.

வீடு பூட்டியிருந்தது. மாடிப்படியில் ஒற்றை மஞ்சள் காலுறை கிடந்தது, உள்ளே நீல நூலைக் கத்திரியால் வெட்டியிருந்தார்கள். கீழ்வீட்டில் துணி தேய்க்கிறவர், "குழந்தையத் தூக்கிட்டு மூலை கிளினிக்குக்கு ஓடினாங்கம்மா" என்று கையைக் காட்டினார். பெரியவள் காலுறையை எடுத்துக்கொண்டு அங்கே ஓடினாள்.

டாக்டரம்மா விளக்கை இழுத்து வைத்துக்கொண்டு, லென்ஸ் வழியாகப் பார்த்தபடி வேலை செய்துகொண்டிருந்தார். சின்னவள் பொடியனின் முட்டியை அழுத்திப் பிடித்திருந்தாள். சம்பந்தியம்மா சுவரோடு சாய்ந்து நின்றார். தலைமுடி அவிழ்ந்து கிடந்தது, ஒரு காலில்தான் செருப்பு இருந்தது. பொடியனின் இடது காலில் இரண்டாவது விரல் நாவல்பழம் மாதிரி இருந்தது. பெரியவள் அதை ஒரு தரம்தான் பார்த்தாள், அதற்கு மேல் முடியவில்லை.

"ஒண்ணு வந்துடுச்சு" என்றார் டாக்டரம்மா. "அடியில இன்னும் ஒரு சுத்து இருக்கு. அசையாமப் பிடிங்க. ம்... ம்... அவ்ளோதான். வந்துடுச்சு."

இடுக்கியின் நுனியில் நீல நூல் ஒட்டிக்கொண்டிருந்தது. அதைத் தட்டில் வைத்ததும் எல்லோரும் விரலைப் பார்த்தார்கள். முதலில் ஒன்றும் மாறவில்லை. டாக்டரம்மா விரலை லேசாக அழுத்தி விட்டார். அழுத்தின இடம் வெளுத்தது. பிறகு மெதுவாக, மிக மெதுவாக, அங்கே சிவப்பு ஊறி வந்தது. பொடியன் இரண்டு தேம்பல் தேம்பினான், வாயைத் திறந்தபடியே தூங்கிப்போனான். அந்த அறையில் அப்போது விழுந்த அமைதியில் பெரியவளுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

"ரத்தம் ஓடுது. விரலுக்கு ஒண்ணும் ஆகாது. சாயங்காலம் மறுபடியும் காட்டுங்க" என்றார் டாக்டரம்மா. "யாரு கவனிச்சது? நிறைய பேரு வயித்துவலின்னு மருந்து குடுத்துட்டே இருப்பாங்க. சாக்ஸைக் கழட்டிப் பாக்கவே தோணாது."

சம்பந்தியம்மா பெரியவளின் கையை இழுத்துத் தன் இரண்டு கைக்குள்ளும் வைத்துக்கொண்டார். "இவதான் டாக்டர். என் மருமகளோட அக்கா. பஸ்ஸுலேருந்து போன் பண்ணிச் சொன்னா. இவ மட்டும் சொல்லலன்னா இன்னும் நான் பால் பத்தல, பால் பத்தலன்னு இந்தப் பொண்ண வறுத்தெடுத்துக்கிட்டே இருந்திருப்பேன். நீ நல்லா இருக்கணும்மா."

முதல் தடவையாக அவர் வாயிலிருந்து நல்ல வார்த்தை. நூல்கண்டு என்றுகூடச் சொல்லவில்லை. பெரியவள் தலையைக் குனிந்துகொண்டாள். சும்மா நின்றிருந்தாலே போதும், அன்றைய கதைக்கு அவள்தான் தெய்வம்.

சின்னவள் குழந்தையிடமிருந்து கண்ணை எடுத்தாள்.

"காலைல, சாக்ஸை எப்ப போட்டேன்னு கேட்டியேக்கா" என்றாள். "அப்பவே தெரியுமா உனக்கு?"

இல்லை என்று சொல்லலாம். பஸ்ஸில் திடீரென்று தோன்றியது என்றால் யார் மறுக்கப் போகிறார்கள்?

"சந்தேகம் வந்துச்சு" என்றாள் பெரியவள்.

"அப்ப ஏன் சொல்லல?"

"சிரிப்பாங்கன்னு."

"யாரு?"

பெரியவளின் கையைப் பிடித்திருந்த இரண்டு கைகளும் மெல்ல விலகின.

"பாலத்துக்கிட்ட பஸ்ஸு நிக்கற வரைக்கும் சொல்லலடி" என்றாள். "வந்து யாருக்கும் தெரியாமக் கழட்டிடலாம்னு இருந்தேன்."

"அவ்ளோ நேரமும் அழுதான்க்கா" என்றாள் சின்னவள். கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் பரவாயில்லை. "தொண்டை கட்டிப்போச்சு. அப்பவும் அழுதான்."

பெரியவள் கையிலிருந்த காலுறையைப் பார்த்தாள். அழகாகத்தான் இருந்தது, பூ ஒவ்வொன்றும் எண்ணி வைத்த மாதிரி. அப்போதுதான் அவளுக்கு இன்னொரு ஜோடியின் ஞாபகம் வந்தது. வந்த அந்த நொடியே, அங்கேயே, எல்லோருக்கும் முன்னால் நின்றுகொண்டு போனை எடுத்தாள். அவசரத்தில் தவறுதலாக ஸ்பீக்கரையும் சேர்த்து அழுத்திவிட்டாள். முதலாளியம்மா "சொல்லும்மா" என்றார்.

"அம்மா, நான் குடுத்த மஞ்சள் சாக்ஸ், குழந்தை கால்ல இருந்தா உடனே கழட்டிடுங்க. உள்ள நூல் தொங்கவிட்டுப் பின்னிட்டேன். என் தங்கச்சி புள்ளைக்கு விரல்ல மாட்டிடுச்சு. நான் பண்ணது தப்புவேலை. தூக்கிப் போட்டுடுங்க."

"ஐயையோ, புள்ள நல்லா இருக்கா?" என்றார் முதலாளியம்மா. நல்லா இருக்கான் என்று தெரிந்ததும், "எங்க வீட்ல பயமில்லம்மா. அத யாரு கால்ல மாட்டினா? அவ்ளோ அழகா இருக்கு, அழுக்காயிடும்னு ஷோகேஸ்ல வெச்சுட்டோம். வர்றவங்க எல்லாம் பாத்துட்டுப் போறாங்க" என்றார்.

முதலில் சம்பந்தியம்மாவின் தோள்தான் குலுங்கியது. அப்புறம் சத்தம் வந்தது. கிளினிக் தாண்டி வாசல்வரைக்கும் போயிருக்கும். "ஷோகேஸ்ல வெச்சிருக்காங்களாம்!" முந்தானையால் கண்ணைத் துடைத்தார். துடைக்கத் துடைக்கக் கண்ணீர் வந்துகொண்டே இருந்தது. "ஷோகேஸ்ல!" என்று இன்னொரு தரம் சொல்லி, சிரிப்பா அழுகையா என்று தெரியாதபடி பெரியவளின் தோளில் முகத்தை வைத்துக்கொண்டார். டாக்டரம்மாவும் சிரித்துவிட்டார்.

பெரியவள் அசையாமல் நின்றாள். காலையிலிருந்து பயந்த சிரிப்பு முழுசாக வந்து அவள் மேலேயே விழுந்தாகிவிட்டது. தோள் கொஞ்சம் நனைந்தது, அதைத் தவிர ஒன்றுமே ஆகவில்லை. இதற்கா? இந்தச் சிரிப்புக்கா?

சின்னவள் மட்டும் சிரிக்கவில்லை. அவள் குனிந்து, பொடியனின் விரலை அழுத்தி, சிவப்பு திரும்பி வருகிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தாள். வந்தது. மறுபடியும் அழுத்திப் பார்த்தாள்.